டிரை-எக்ஸ் சுருளில் உறைந்த ஏரி

ஜனவரி கடைசியில் கனடாவின் சிம்கோ ஏரி உறைந்து கிடக்கும். மீன் பிடிப்பவர்கள் பனிக்கட்டியின் மேலேயே சின்னச் சின்னக் குடில் போட்டிருப்பார்கள். டொராண்டோவின் ஸ்கார்பரோவிலிருந்து வடக்கே போய் அந்த வெறுமையை ஐந்து நிமிடக் குறும்படமாக எடுக்க வேண்டும் என்று நெடுநாள் ஆசை. கதை கிடையாது, முகங்களும் கிடையாது. டிஜிட்டலில் இரண்டு குளிர்காலம் முயன்றேன். பனி, விரித்துப் போட்ட பெட்ஷீட் மாதிரி அசையாமல் கிடந்தது.

இந்த முறை கோடக் டிரை-எக்ஸ் 7266, சூப்பர் 8 (8 மி.மீ. அகல சினிமா பிலிம்) கார்ட்ரிட்ஜ் மூன்று வாங்கினேன். கறுப்பு வெள்ளை ரிவர்சல் பிலிம், அதாவது நெகட்டிவ் இல்லாமல் கழுவியதும் நேரே ஓட்டிப் பார்க்கலாம். ஒளியுணர்திறன் பகலில் 200 ஐஎஸ்ஓ. ஒன்றில் 50 அடி. நொடிக்கு 18 பிரேம் ஓட்டினால் 3 நிமிடம் 20 நொடி வரும்.

முதலாவதை கேமராவின் ஒளி மீட்டரை நம்பி எடுத்தேன். எவ்வளவு வெள்ளையைக் காட்டினாலும் மீட்டர் அதைச் சாம்பலாக்கத்தான் பார்க்கும். கழுவி வந்தபோது நண்பகல் ஏரி அந்திபோல இருண்டிருந்தது. இரண்டாவதில் ஒரு ஸ்டாப் கூட்டினேன், அதாவது வெளிச்சத்தை இரட்டிப்பாக விட்டேன், பனி பளிச்சென்று வந்தது. சரி, இதுதான் என்று நினைத்தேன். ஆனால் வீட்டுச் சுவரில் இரண்டையும் ஓட்டிப் பார்த்தபோது முதல் சுருளை விட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை. ரிவர்சலில் கிரெய்ன், அதாவது பிலிமின் பொடிமணிகள், நன்றாகத் தெரிவது சாம்பல் நிறத்தில்தான். அன்று பனி பெய்யவே இல்லை. படத்திலோ ஏரி முழுக்கப் பொடிப்பொடியாக ஏதோ விழுந்துகொண்டே இருந்தது. குடில்கள் அதற்குள் மங்கி மங்கித் தெரிந்தன. மூன்றாவதை அரை ஸ்டாப் மட்டும் கூட்டி எடுத்தேன். குறும்படத்தில் பாதி அதுதான்.

வெளிச்சக் கணக்கு பிசகினால் இந்த பிலிம் அதிகம் பொறுக்காது. கூடிப்போனால் பனியின் மேடுபள்ளம் மொத்தமும் அழிந்து வெறும் வெளிச்சம்தான் மிஞ்சும். குளிரில் பேட்டரி சீக்கிரம் இறங்கிவிடும், மாற்று பேட்டரியை உள்சட்டைப் பையில் வையுங்கள். வீட்டுக்குள் நுழையும் முன்பே கேமராவைக் காற்றுப்புகாத பையில் போட்டு மூடி, இரண்டு மூன்று மணி நேரம் அப்படியே விடுங்கள். இல்லையென்றால் லென்ஸில் ஈரம் பூத்துவிடும். ஒலி இதில் பதிவாகாது. பனிக்கட்டி விரிசல் விடும் அந்த 'டும்' சத்தத்தை போனில் தனியாகப் பிடித்தேன்.

செலவுதான் கனம்: பிலிம், கழுவ, அப்புறம் ஸ்கேன் செய்ய. இருந்தும் அடுத்த ஜனவரிக்காக இன்னும் இரண்டு வாங்கி ஃபிரிட்ஜில் வைத்திருக்கிறேன்.