முன்பிணையா, பிடிபட்ட பின் பிணையா?

பொலிஸ் தேடுது என்று தெரிந்தவுடன் கிளிநொச்சியில் பலர் சொந்தக்காரர் வீட்டில் ஒளிந்து கொள்கிறார்கள். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள்.

1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டம் முன்பிணைக்கு, அதாவது கைதாகும் முன்பே கேட்டுப் பெறும் பிணைக்கு, இடம் தருகிறது. பிணை வழங்க முடியாத குற்றம் எனப்படும், அதாவது பிணையை உரிமையாகக் கேட்க முடியாமல் நீதிமன்றம் தீர்மானிக்கும் குற்றத்துக்குக் கைதாகலாம் என்று நம்பக் காரணம் இருந்தால், சத்தியக்கடதாசியோடு நீதவான் நீதிமன்றில் கேட்கலாம். பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும். வெறும் பயம் போதாது. முறைப்பாடு, விசாரணைக்கு வந்த அழைப்பு என்று ஏதாவது காட்ட வேண்டும்.

கைதான பிறகென்றால், 24 மணித்தியாலத்துக்குள் நீதவான் முன் நிறுத்துவார்கள். ஆனால் வெள்ளி மாலை பிடிபட்ட மகனுக்காக, அடையாள அட்டையைச் சேலைத் தலைப்பில் முடிந்துகொண்டு பிணையாளி தேடும் தாயை நான் பார்த்திருக்கிறேன். எனக்கு முன்பிணைதான் சரி. பயங்கரவாதத் தடைச் சட்ட வழக்குகளுக்கு இது பொருந்தாது.