லண்டன் வீட்டுக்கு எலக்ட்ரிக் பாய்லர் சரிப்படுமா?

ரேடியேட்டர்களுக்குத் தண்ணீரைச் சூடாக்கும் கேஸ் பாய்லர் பழுதாகி, மாற்றியே ஆக வேண்டும் என்ற நிலை வந்ததும் பலருக்கு எழும் யோசனை இது: இந்தக் கேஸ் தொல்லையே வேண்டாம், எலக்ட்ரிக்குக்கு மாறிவிடலாமா? கடைக்காரர் சொல்வதில் பொய் கிடையாது. புகைக்குழாய் வேண்டாம், கார்பன் மோனாக்சைடு பயமில்லை, சத்தம் குறைவு, அலமாரிக்குள் அடங்கிவிடும். உள்ளே போகும் மின்சாரத்தில் சுமார் 99 சதவீதம் சூடாக மாறுகிறது. இதுவும் உண்மைதான். ஆனால் மூலையில் கிடக்கும் 20 பவுண்ட் ஃபேன் ஹீட்டரும் அதே வேலையை அதே திறனில் செய்கிறது. அந்த 99-ஐ நம்பி முடிவெடுத்தால் பில் வரும் அன்று வலிக்கும்.

2025-இன் கடைசி மூன்று மாதங்களுக்கு, எரிசக்தி விலையைக் கட்டுப்படுத்தும் அமைப்பான ஆஃப்ஜெம் வைத்த உச்சவரம்பில் மின்சாரம் யூனிட்டுக்கு 26 பென்ஸ் சொச்சம், கேஸ் 6 பென்ஸ் சொச்சம். நான்கு மடங்குக்கு மேல். நடுத்தர வீடு என்று ஆஃப்ஜெம் அப்போது கணக்கிட்டது ஆண்டுக்கு 11,500 யூனிட் கேஸ். பாய்லரின் திறன் 90 சதவீதம் என்றால் வீட்டுக்குள் வந்து சேரும் சூடு 10,350 யூனிட். அந்த விலையில் கேஸில் இதற்கு ஏறக்குறைய 720 பவுண்ட் ஆகும், எலக்ட்ரிக் பாய்லரில் 2,700. கேஸ் மீட்டரையே எடுத்துவிட்டால் நிலைக்கட்டணமாக ஆண்டுக்கு 125 பவுண்ட் அளவில் மிஞ்சும், அவ்வளவுதான். வெளிக்காற்றிலிருந்து சூட்டை இழுத்து, ஒரு பங்கு மின்சாரத்துக்கு மூன்று பங்கு சூடு தரும் ஹீட் பம்ப் இதே வேலையை 900 பவுண்டுக்குள்ளோ சற்று மேலோ முடித்துவிடும். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் ஹீட் பம்புக்கு 7,500 பவுண்ட் அரசு மானியம் உண்டு. எலக்ட்ரிக் பாய்லருக்குக் கிடையாது.

அதனால் மூன்று படுக்கையறை வீடு, கேஸ் இணைப்பு உண்டு, பின்பக்கம் தோட்டமும் உண்டு என்றால் இந்தப் பொருளைத் திரும்பிக்கூடப் பார்க்க வேண்டாம். இது பொருந்தும் இடம் வேறு: கேஸே இல்லாத சின்ன பிளாட். 1968 மே 16 அன்று கிழக்கு லண்டனின் கேனிங் டவுனில் ரோனன் பாயிண்ட் அடுக்குமாடியின் 18-வது மாடியில் கேஸ் வெடித்து ஒரு மூலையே சரிந்தது. அதன் பிறகு அதே பாணியில் கட்டிய பல கட்டடங்களில் கேஸை எடுத்துவிட்டார்கள். அப்படிப்பட்ட பிளாட்டில் ஏற்கெனவே தண்ணீர் ரேடியேட்டர்கள் இருந்து, ஹீட் பம்பின் வெளிப்பெட்டியை மாட்ட கட்டட உரிமையாளர் அனுமதி தராவிட்டால், எலக்ட்ரிக் பாய்லர் நியாயமான தேர்வு. ரேடியேட்டர் இல்லையா? புதிதாகப் பைப் இழுத்து பாய்லர் வைப்பது வீண் செலவு. சுவரில் மாட்டும் பேனல் ஹீட்டரும் அதே யூனிட் விலைக்கு அதே சூட்டைத்தான் தரும்.

எத்தனை கிலோவாட் வேண்டும் என்பதில்தான் பலரும் தடுக்கி விழுகிறார்கள். “பழைய காம்பி 28 கிலோவாட், இது வெறும் 9 தானா?” என்று கேட்பார்கள். காம்பி என்பது ரேடியேட்டரோடு குழாய்த் தண்ணீரையும் உடனுக்குடன் சூடாக்கும் பாய்லர். அந்த 28 ஷவருக்காக வைத்தது, ரேடியேட்டருக்காக அல்ல. கேஸ் இருக்கும் வீடு என்றால் தேவையை மீட்டரே சொல்லிவிடும். வெளியே பூஜ்ஜியத்தை ஒட்டிக் குளிரும் ஒரு நாளில் காலை 10 மணிக்கு ஒரு ரீடிங், மறுநாள் அதே நேரத்துக்கு இன்னொன்று எடுங்கள். 9 கன மீட்டர் ஓடியிருந்தால் 11.2-ஆல் பெருக்க, 100 யூனிட். பாய்லர் திறனுக்கு 10 சதவீதம் போக 90. குளிக்க, பாத்திரம் கழுவ 10 யூனிட் கழித்தால் 80. ஹீட்டிங் 14 மணி நேரம் ஓடியிருந்தால் 80-ஐ 14-ஆல் வகுக்க 5.7 கிலோவாட். இந்த வீட்டுக்கு 6 கிலோவாட் இழுத்துப் பிடித்துத்தான் ஓடும், 9 தாராளம், 12 தேவையே இல்லை. நூறு கன அடிக் கணக்கில் ஓடும் பழைய மீட்டராக இருந்தால் 11.2-க்குப் பதில் 31.8-ஆல் பெருக்க வேண்டும்.

9 கிலோவாட் என்றால் 39 ஆம்ப். 12 என்றால் 52. மீட்டர் பெட்டிக்குள் இருக்கும் மெயின் ஃபியூஸ் 60 ஆம்பாக இருந்து, வீட்டில் 9.5 கிலோவாட் எலக்ட்ரிக் ஷவரும் இருந்தால், அதுவும் 9 கிலோவாட் பாய்லரும் சேர்ந்தே 80 ஆம்ப். அடுப்பை இன்னும் கணக்கில் சேர்க்கவில்லை. அந்த ஃபியூஸ் மின் விநியோக நிறுவனத்தின் சொத்து, உங்கள் எலக்ட்ரீஷியன் சீலை உடைக்கக் கூடாது. பெரிய ஃபியூஸ் வேண்டுமானால் கிழக்கு லண்டனில் யூகே பவர் நெட்வொர்க்ஸுக்கும், மேற்கு லண்டனின் சில பகுதிகளில் எஸ்எஸ்இஎன்னுக்கும் விண்ணப்பிக்க வேண்டும். பக்கத்து வீட்டுக்கு உங்கள் கேபிளிலிருந்தே கிளை போயிருந்தால் முதலில் அதைப் பிரிக்க வேண்டும். அந்த வேலை வாரக்கணக்கில் இழுக்கும். பாய்லரை வாங்கி ஹாலில் வைத்துக்கொண்டு இதற்காகக் காத்திருப்பது வேடிக்கையாக இருக்காது.

சுடுதண்ணீர் விஷயத்தில் ‘எலக்ட்ரிக் காம்பி’ என்ற பெயரை நம்பாதீர்கள். குளிர்காலத்தில் 7 டிகிரியில் வரும் குழாய்த் தண்ணீரை 40-க்கு ஏற்ற, 12 கிலோவாட்டால் நிமிடத்துக்கு 5 லிட்டர் சொச்சம்தான் முடியும். பத்து லிட்டர் வாளி நிறைய 2 நிமிடம் நிற்க வேண்டும். 28 கிலோவாட் கேஸ் காம்பி 12 லிட்டர் தரும். ஆகவே பாய்லரை ரேடியேட்டருக்கு மட்டும் வைத்துவிட்டு, தண்ணீருக்கு 150 லிட்டர் சிலிண்டர் (சுடுதண்ணீரைச் சேமிக்கும் தொட்டி) போடுவதே நல்லது. அதை 10 டிகிரியிலிருந்து 60-க்கு ஏற்ற 9 யூனிட்டுக்குச் சற்றுக் குறைவாகவே ஆகும். 3 கிலோவாட் இம்மர்ஷன் ஹீட்டர் மூன்று மணி நேரத்தில் முடித்துவிடும். இரவில் யூனிட் மலிவாகும் எகானமி 7 போன்ற கட்டணத்தில் இது லாபம். ஆனால் அதே கட்டணத்தில் பகல் யூனிட் விலை ஏறும், ரேடியேட்டர்களோ பகலில்தான் ஓடும். இரவில் எத்தனை யூனிட், பகலில் எத்தனை என்று பிரித்துக் கணக்குப் போடாமல் மாறாதீர்கள்.

வாங்கும்போது பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று பாருங்கள். ஹீட்ரே சேடியாவின் ஆம்ப்டெக் போன்றவை வெறும் சூடாக்கும் பெட்டி, பம்பும், சூட்டில் பெருகும் தண்ணீருக்கு இடம் தரும் விரிவுக் கலமும் தனியே வாங்க வேண்டும். வேய்லண்டின் எலோபிளாக்கில் இரண்டும் உள்ளேயே இருக்கும். விலையை ஒப்பிடும்போது இந்த வித்தியாசம் கண்ணில் படாமல் போய்விடும்.

பழுது என்று வந்தால் காரணம் பெரும்பாலும் பொருத்தியதில்தான் இருக்கும். முதலாவது, தளர்ந்த திருகு. 39 ஆம்ப் மணிக்கணக்காக ஓடும் இடத்தில் திருகு கால் சுற்று தளர்ந்திருந்தாலும் அந்த இடம் சூடேறும். அலமாரியில் மீன் வாடை போல ஒன்று வரும். கவரைக் கழற்றினால் நீல வயரின் உறை பழுப்பேறி, திருகைச் சுற்றிப் பிளாஸ்டிக் உப்பியிருக்கும். வாடை வந்த உடனே ஐசோலேட்டரை (பாய்லருக்கான தனி மெயின் சுவிட்ச்) அணைத்துவிட்டு எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். ஆண்டுக்கொரு முறை இறுக்கம் பார்த்தால் இது வராது.

இரண்டாவது, அதிக வெப்பத்தில் தானே அணைந்துபோவது. தண்ணீரைச் சூடாக்கும் எலிமெண்ட் நின்ற பிறகும் அதில் மிச்சமிருக்கும் சூட்டை வெளியேற்ற பம்ப் சில நிமிடம் ஓட வேண்டும். டைமர் அணைந்தாலும் பம்புக்குக் கரண்ட் போகும்படி வயரிங் செய்யாவிட்டால் உள்ளே தண்ணீர் கொதித்து, பாதுகாப்பு சுவிட்ச் விழும். எல்லா ரேடியேட்டர் வால்வும் ஒரே நேரத்தில் மூடிக்கொண்டாலும் இதே கதைதான். வால்வுகள் மூடினாலும் தண்ணீர் சுற்றி வர வழிவிடும் பைபாஸ் இருக்கிறதா என்று கேளுங்கள். சுவிட்ச் திரும்பத் திரும்ப விழுந்தால் அழுத்தி அழுத்தி ஓட்டாதீர்கள். தண்ணீர் இல்லாமல் எலிமெண்ட் எரிந்து போகும்.

அழுத்தமானி குளிர்ந்த நிலையில் 1 முதல் 1.5 பார் காட்ட வேண்டும். சூடானதும் 3-ஐத் தொட்டு வெளியே தண்ணீர் சொட்டினால் விரிவுக் கலத்தில் காற்று இறங்கியிருக்கும். மூடிய சுற்றில் அதே தண்ணீர் சுழல்வதால் லண்டனின் சுண்ணாம்புத் தண்ணீர் பாய்லரை அவ்வளவாகப் படுத்தாது. சிலிண்டரின் இம்மர்ஷனைத்தான் படுத்தும்.

விலைப் பட்டியல் கேட்கும்போது இவை எழுத்தில் வர வேண்டும்: அறைவாரி வெப்ப இழப்புக் கணக்கு, மெயின் ஃபியூஸ் அளவு, தனி சர்க்யூட்டின் கேபிள் தடிமன் (9 கிலோவாட்டுக்குப் பெரும்பாலும் 10 சதுர மி.மீ.), பழைய ரேடியேட்டர்களைக் கழுவும் வேலை, காந்த ஃபில்டர், வீட்டு மின்வேலைக்கான பார்ட் பி சான்றிதழ், கேஸ் இருந்தால் அதை மூட கேஸ் சேஃப் (கேஸ் வேலைக்கான பதிவேடு) பதிவுள்ளவர். வாடகைக்கு விடும் வீடானால் ஈ.பி.சி. (வீட்டின் எரிசக்தித் திறன் சான்றிதழ்) மதிப்பெண்ணையும் கேளுங்கள். அது எரிபொருள் செலவை வைத்துப் போடும் மதிப்பெண். கேஸிலிருந்து மாறினால் கீழே இறங்க வாய்ப்புண்டு.