டிராகன் பழக் கன்றும் 'பழத்தை நாங்களே எடுத்துக்கிறோம்' பத்திரமும்: உசிலம்பட்டி, திருமங்கலம் விவசாயிகள் கவனத்துக்கு

பருத்தியும் மக்காச்சோளமும் கட்டுப்படியாகாத ஊர்களாகப் பார்த்து டிராகன் பழக் கன்று விற்க வருகிறார்கள். கன்று எங்களிடம் வாங்குங்கள், பழத்தை நாங்களே எடுத்துக்கொள்கிறோம் என்பது பேச்சு. உசிலம்பட்டிப் பக்கம் கன்றுக்கு 120 ரூபாய் வாங்கியிருக்கிறார்கள். செடி ஏறிப் படர ஏக்கருக்குச் சுமார் 500 தூண், தூணுக்கு 4 கன்று. கன்றுக்கு மட்டுமே 2,40,000 ரூபாய். தூண், வளையம், சொட்டுநீர் தனி.

முதல் மோசம் கன்றிலேயே. முற்றிய தண்டை வெட்டி, வெட்டுவாயை நிழலில் ஐந்தாறு நாள் காயவைத்துப் பையில் ஊன்றி, வேர் பிடித்த பிறகே விற்க வேண்டும். இவர்கள் கொடுத்தது இளந்தண்டு. பையைக் கிழித்தால் வேரே இல்லை. காயாத வெட்டுவாய் வழியாக அழுகல் ஏறி, தண்டு மஞ்சளாகிக் கூழாகச் சாய்ந்தது. தண்ணீர் அதிகம் விட்டீர்கள் என்று பழி விவசாயி மேல். திருமங்கலம், கள்ளிக்குடிக் கரிசலில் மேட்டுப்பாத்தி இல்லாமல் நட்டால் நல்ல கன்றே அழுகும். விற்கும்போது அதை யாரும் சொல்வதில்லை. சித்திரை வெயிலில் தண்டு வெந்து வெளுக்கும் என்பதையும், நிழல்வலைச் செலவையும்கூடத்தான்.

சிவப்புச் சதை ரகங்கள் பலவும் தன் மகரந்தத்தில் காய் பிடிக்காது. ஊடே வேறு ரகம் வேண்டும். இரவில் பூ விரிந்ததும் பிரஷ்ஷால் தொட்டுவிட வேண்டும். ஒரே தாய்ச்செடியின் கன்றுகளைக் கொடுத்துவிட்டு, பூ உதிர்ந்தால் உரம் போதவில்லை என்பது அநியாயம்.

பத்திரத்தில் 'முதல் தரப் பழம்' என்று இருக்கிறது, எத்தனை கிராம் என்று இல்லை. விலை 'சந்தை நிலவரப்படி'. எந்தச் சந்தை? ஜூன் முதல் அக்டோபர் வரை எல்லாத் தோட்டத்திலும் சேர்ந்து காய்த்து மதுரை மாட்டுத்தாவணிச் சந்தையில் விலை இறங்கும்போதுதான் பத்திரத்தின் அந்த வாசகம் உதவ வேண்டும். அப்போது போனை எடுப்பதில்லை. 2019-ஆம் ஆண்டின் தமிழக ஒப்பந்தப் பண்ணையச் சட்டப்படி பதிவு செய்யத் தயாரா என்று கேளுங்கள். மழுப்பினால் முன்பணம் கொடுக்காதீர்கள். தாய்த்தோட்டத்தை நேரில் பாருங்கள், கைக்கு வந்த பைகளைக் கிழித்து வேர் பாருங்கள், ரகப் பெயரோடு ரசீது வாங்குங்கள். ஒத்தக்கடை வேளாண் கல்லூரியில் மண்ணைக் காட்டிக் கேட்பதையும் நடவுக்கு முன்பே செய்யுங்கள்.

ஏற்கெனவே ஏமாந்தவர்கள் செத்த கன்றைப் பிடுங்கி எறியாமல் தேதியோடு படம் எடுத்து வையுங்கள். மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் 2 ஆண்டுக்குள் மனு கொடுக்கலாம். கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் கட்டணம் இல்லை. விவசாயி நுகர்வோர் அல்ல என்று எதிர்த்தரப்பு வாதாடும். விதை வாங்கிய விவசாயியும் நுகர்வோரே என்று உச்ச நீதிமன்றம் 2012-லேயே சொல்லிவிட்டது. அந்தத் தீர்ப்பை மனுவில் குறிப்பிடுங்கள்.