நாழிகை மலைத்தொடர்: 12 ஆண்டுகளுக்குப் பின் ஓர் ஊர்ப் பயணம்

என் தம்பி என்னைவிட நான்கு வயது இளையவன். சென்ற மாதம் மேல்மலைப் பேருந்து நிறுத்தத்தில் என் பெட்டியை வாங்கிக்கொள்ள அவன் வந்து நின்றபோது, அவனுக்கு என்னைவிட இரண்டு வயது கூடியிருந்தது. நாழிகை மலைத்தொடரில் பிறந்து வெளிநாட்டில் குடியேறிய எவருக்கும் இது புதிதன்று. அடிவாரத்தில் இரண்டு நாள் கழியும்போது மேல்மலையில் மூன்று நாள் கழிந்துவிடுகிறது; நான் வெளியே இருந்த 12 ஆண்டுகளுக்குள் அங்கே 18 ஆண்டுகள் ஓடிவிட்டன. இம்முறை 14 நாள் விடுப்பில் போய்வந்தேன். அங்குள்ள பேருந்தும் தொலைபேசியும் பதிவு அலுவலகமும் எப்படி நடக்கின்றன என்பதை, அடுத்துப் போகவிருப்பவர்களுக்கு உதவும் என்று எழுதுகிறேன்.

உயரே போகப் போகக் காலம் விரைவது நம் மலைக்கு மட்டும் உரியதன்று. எந்த மலையிலும், கடல்மட்டத்தில் இருப்பவரைவிட ஒரு கிலோமீட்டர் உயரத்தில் இருப்பவருக்கு ஆண்டுக்கு 3 மைக்ரோ நொடிக்குச் சற்று அதிகமாகவே வயது கூடுகிறது. 2005-இல் அமெரிக்காவின் ரெய்னியர் மலைக்குத் தம் பிள்ளைகளோடு மூன்று சீசியம் அணுக் கடிகாரங்களையும் வண்டியில் ஏற்றிச் சென்ற ஒருவர், இரண்டு நாள் கழித்து இறங்கி வந்து வீட்டுக் கடிகாரங்களோடு ஒப்பிட்டபோது, மலைக்குப் போனவை சுமார் 22 நானோ நொடி முன்னே இருந்தன. அங்கெல்லாம் கருவி வைத்துத் தேட வேண்டிய வேறுபாடு நம் மலையில் தலைமுடியிலேயே தெரிகிறது. ஆகவே ஒரு சேவை நல்லதா என்று பார்க்க எனக்கு ஒரே ஓர் அளவுகோல்தான்: தான் எந்த நேரத்தைச் சொல்கிறது என்பதை அது சொல்லிவிடுகிறதா?

அந்த வகையில் பேருந்துக்கே முதலிடம் தருவேன். பயணச்சீட்டில் அடிவார நேரம், இட நேரம் என்று இரண்டையும் அச்சிட்டுத் தருகிறார்கள். நடத்துநரின் இடக்கையில் இரண்டு கடிகாரங்கள் இருந்தன. முழங்கைப் பக்கம் இருந்ததை அவர் தொடவேயில்லை. மணிக்கட்டில் இருந்ததை மட்டும் ஒவ்வொரு நிறுத்தத்திலும், தோல்பை மூடியின் உட்புறம் ஒட்டியிருந்த அட்டவணையைப் பார்த்துத் திருகிப் பின்னுக்குத் தள்ளினார். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் தரையில் உள்ளவற்றைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோ நொடி முந்துகின்றன என்பதால், ஏவுவதற்கு முன்பே அவற்றைச் சற்று மெதுவாக ஓடும்படி அமைத்துவிடுகிறார்கள். அதே வேலையைத்தான் இந்த மனிதர் கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் செய்துகொண்டிருந்தார். பாராட்டியபோது அவர் மகிழ்ந்ததாகத் தெரியவில்லை. “சம்பளம் அடிவாரத் தேதிக்கு வருது சார், வீட்டு வாடகை மேல்மலைத் தேதிக்குப் போகுது,” என்றார்.

தொலைபேசி பரவாயில்லை. மேலிருந்து கேட்டால் வெளியூர்க் குரல்கள் முன்பெல்லாம் மின்கலம் தீர்ந்த ஒலிநாடாப் பெட்டிபோல் இழுத்து ஒலிக்கும். இப்போது குரலின் சுருதியைச் சரிசெய்து அனுப்புகிறார்கள். ஆனால் கீழே பத்து நிமிடம் பேசியதை மேலே பதினைந்து நிமிடத்திற்கு நிரப்பியாக வேண்டுமே, அதனால் சொற்களுக்கு நடுவே இடைவெளி விழுகிறது. என் மனைவி இவ்வளவு நிதானமாக யோசித்துப் பேசி நான் கேட்டதேயில்லை. கட்டணத்தை மேல்மலை நிமிடக் கணக்கில் எடுத்துக்கொள்கிறார்கள் என்பது பணம் கட்டியபோதுதான் தெரிந்தது. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன்: மாத்திரைகளை அடிவார நாட்காட்டியைப் பார்த்து எண்ணிக் கொண்டுபோகாதீர்கள். 14 நாளைக்கு 14 இரத்த அழுத்த மாத்திரைகள் என்று எடுத்துப் போன நான், மேலே தங்கிய எட்டு நாள் பன்னிரண்டாக நீண்டதால், திரும்பும்போது நான்கு நாள் மாத்திரையின்றி இருந்தேன்.

இனி, நான் முதன்மையாகப் போன வேலைக்கு வருகிறேன். அப்பாவின் வீட்டிற்காக வாரிசுச் சான்றிதழ் வாங்க வேண்டியிருந்தது. விண்ணப்பத்தின் மூன்றாம் கட்டத்தில் ‘மூத்தவர்’ என்று இருக்கிறது. முதல் மேசையில் இருந்தவர் எங்கள் இருவரையும் ஏற இறங்கப் பார்த்தார்; வாழ்ந்த வயதைக் கணக்கிட்டுத் தம்பியின் பெயரை எழுதினார். இரண்டாம் மேசையில் பிறந்த தேதியைப் பார்த்து, பிழை என்று திருப்பி அனுப்பினார்கள். முதல் மேசையில் அதை அடித்துத் திருத்த, அடித்தல் திருத்தல் உள்ள படிவம் செல்லாது என்று மூன்றாம் மேசை சொன்னது. இப்படியே ஐந்து நாள் போயிற்று. அவை மேல்மலை நாட்கள் என்பதில் எனக்குச் சற்று ஆறுதல், தம்பிக்கு அதுவும் இல்லை. சுவரில் இருந்த ஊசல் கடிகாரம் எந்த நேரத்தையும் ஒத்திருக்கவில்லை. இது அடிவார நேரமா, இட நேரமா என்று கேட்டேன்.

“அலுவலக நேரம்,” என்று பதில் வந்தது.

“உங்களில் யார் மூத்தவர், வாயால் சொல்லுங்கள்,” என்று கடைசியில் கேட்டபோது, முழுக்க நரைத்த தலையோடு தம்பி என்னைக் காட்டி, “அண்ணாதான்,” என்றான். எழுத்தர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். படிவத்தின் பின்பக்கம் ‘கணக்கு அடிப்படை’ என்று யாரும் நிரப்பாத ஒரு வரி இருப்பதைக் கோப்பு அடுக்கிக்கொண்டிருந்த ஓர் அம்மாள்தான் எடுத்துக் காட்டினார். அதில் ‘பிறந்த தேதிப்படி’ என்று எழுதியதும் மூன்று மேசைகளும் அரை மணியில் கையெழுத்திட்டன. முதல் நாளே இதைச் சொல்ல ஆளில்லாமற்போனது அந்த அலுவலகத்தின் குறைதான். நீங்கள் போனால் முதலில் அந்த வரியை நிரப்புங்கள். சான்றிதழ் 15 வேலை நாட்களில் வரும் என்று ஒப்புகைச்சீட்டில் போட்டிருக்கிறது. எந்த நாட்கள் என்று போடவில்லை.

வந்ததும் வாங்கி அஞ்சலில் அனுப்புவதாகத் தம்பி சொன்னான். பேருந்தில் ஏறியபின், இன்னும் இரண்டு வருடத்தில் வந்துவிடுவேன் என்று சன்னல் வழியாக அவனிடம் சொன்னேன். விரல்விட்டு எண்ணிப் பார்த்துவிட்டு, “சரி அண்ணா, மூன்று வருஷம்,” என்றான்.