கிராஸ்ஓவருக்கு டயர் வாங்கப் போகிறவர்கள் கவனத்துக்கு: ‘உங்கள் வண்டிக்குப் பொருந்தும்’ என்ற பச்சைக் குறியால் ஒரு மாதச் சம்பளம் போயிற்று

இணையத்தில் டயர் விற்கும் ஒரு பெரிய தளத்தில் என் கிராஸ்ஓவருக்கு (காரைப்போலக் கட்டி, எஸ்யூவியைப்போல உயர்த்திய வண்டி) நான்கு டயர்கள் வாங்கி, அந்தத் தளமே கைகாட்டிய கடையில் மாட்டிக்கொண்டேன். இப்போது அந்த நான்கையும் கழற்றிப் போட்டாக வேண்டும். திருப்பி எடுத்துக்கொள்ள ஆள் இல்லை. போனது என்னுடைய ஒரு முழு மாதச் சம்பளம். தளத்தின் பெயரையோ கடையின் பெயரையோ இங்கே எழுதப் போவதில்லை. ஆத்திரத்தில் பெயரை எழுதிவிட்டு, பிறகு அவர்களுடைய வக்கீல் நோட்டீஸுக்குப் பதில் எழுதிக்கொண்டிருக்க எனக்கு நேரமும் இல்லை, பணமும் மிச்சமில்லை. என்ன நடந்தது என்பதை மட்டும் எழுதுகிறேன். கிராஸ்ஓவர் வைத்திருப்பவர்கள் பணம் கட்டுவதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள்.

பழைய டயர்களில் பட்டன் (சாலையைத் தொடும் ரப்பர் மேடுகள்) தேய்ந்து, பள்ளங்களுக்குள் இருக்கும் 1.6 மில்லிமீட்டர் தேய்மானக் குறிமட்டத்தைத் தொட்டுவிட்டது. ஆகவே மாற்றுவது என்று முடிவாயிற்று. என் வண்டியில் ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்தால் தூணில் ஒட்டியிருக்கும் தகட்டில் 215/60 ஆர்17 96எச் என்று தெளிவாக அச்சிட்டிருக்கிறது. 215 என்பது டயரின் அகலம், மில்லிமீட்டரில். 60 என்பது அந்த அகலத்தில் பக்கச்சுவரின் உயரம் எத்தனை சதவீதம் என்பது. ஆர் என்றால் ரேடியல், டயரின் உள்கட்டமைப்பு வகை. 17 என்பது ரிம்மின் விட்டம், அங்குலத்தில். 96 என்ற சுமைக் குறியீடு ஒரு டயர் 710 கிலோ தாங்கும் என்பதையும், எச் என்ற எழுத்து மணிக்கு 210 கிலோமீட்டர் வேகம்வரை அதற்கு அனுமதி உண்டு என்பதையும் சொல்கின்றன. அளவைப் பார்க்காமலா வாங்கினாய் என்று கேட்க வருகிறவர்களுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்: பார்த்தேன். அந்தத் தகட்டைப் படம் எடுத்து அவர்களுக்கே அனுப்பினேன். கதையே அங்கேதான் இருக்கிறது.

தளத்தில் வண்டியின் தயாரிப்பு, மாடல், ஆண்டு, வேரியண்ட் என்று வரிசையாகக் கேட்டார்கள்; எல்லாவற்றையும் கொடுத்தேன். ஒரே மாடல் 16, 17, 18 அங்குல ரிம்களில் வருவதுண்டு என்பதால் வேரியண்ட் கேட்பது நியாயமான கேள்விதான், அந்த அளவில் அவர்கள்மேல் நம்பிக்கையே வந்தது. வந்த பட்டியலில் 215/60 ஆர்17 மங்கலான எழுத்தில், கையிருப்பில் இல்லை என்ற குறிப்போடு, கீழே கிடந்தது. அதற்கு மேலே, பெரிய எழுத்தில், 225/65 ஆர்17. பக்கத்தில் ஒரு பச்சைக் குறி, ‘உங்கள் வண்டிக்குப் பொருந்தும்’ என்ற வாசகம். எண்கள் ஒத்துப்போகவில்லையே என்று சந்தேகப்பட்டுத்தான் ஆலோசனை எண்ணுக்கு அழைத்தேன்.

பேசியவர் அவசரப்படுத்தவே இல்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். வண்டியில் வழக்கமாக எத்தனை பேர் போவீர்கள், சாமான் ஏற்றுவீர்களா, மோசமான சாலையில் ஓட்டுவது அதிகமா, நெடுஞ்சாலையில் ஓட்டுவது அதிகமா என்றெல்லாம் கேட்டார். விற்பனைக்காரன் கேட்கிற கேள்விகளாக அவை எனக்குப் படவில்லை; விஷயம் தெரிந்த ஒரு மெக்கானிக் கேட்பதைப்போல இருந்தது. தகட்டின் படத்தை அனுப்பச் சொன்னவரும் அவர்தான். அனுப்பினேன். ‘டெக்னிக்கல் டீமிடம் காட்டிவிட்டு வருகிறேன் சார்’ என்று காத்திருக்க வைத்தார். திரும்பி வந்து, இன்றைக்கு வரிக்கு வரி நினைவிருக்கிற அந்த வாக்கியத்தைச் சொன்னார்: ‘சார், தகட்டில் போட்டிருப்பது மினிமம் சைஸ். கிராஸ்ஓவருக்கு ஒரு படி பெரிய டயர்தான் நல்லது. கிரவுண்ட் கிளியரன்ஸ் கூடும், லோடும் அதிகம் தாங்கும், ரிம்மும் அதே பதினேழுதான். கண்ணை மூடிக்கொண்டு போடலாம்.’

அவர் சொன்னதில் பாதி உண்மை என்பதுதான் இதில் கொடுமை. ரிம் விட்டம் ஒன்றேதான். டயர் ரிம்மில் உட்காரத்தான் செய்யும். வண்டியின் தரை இடைவெளியும் 17 மில்லிமீட்டர் அளவுக்குக் கூடத்தான் கூடுகிறது. வந்த டயரின் சுமைக் குறியீடு 102, அதாவது 850 கிலோ, அதிலும் குறையில்லை. தகட்டில் இருப்பது குறைந்தபட்ச அளவு என்ற வார்த்தை மட்டும்தான் அப்பட்டமான பொய். அந்த வண்டியின் சஸ்பென்ஷன், ஸ்டியரிங், பிரேக், கியர் விகிதம், வேகமானி எல்லாவற்றையும் கணக்கிட்டு வண்டியைச் செய்தவர்கள் குறித்த அளவு அது. சுமைக் குறியீடும் வேகக் குறியீடும் தகட்டில் உள்ளதற்குக் குறையக் கூடாது, கூடினால் தவறில்லை என்பது விதி. இந்தச் சலுகையைத் தூக்கி அளவின்மேல் போட்டுவிட்டார் அந்த மனிதர். டெக்னிக்கல் டீம் என்று ஒன்று இருந்ததா, அல்லது கையிருப்பில் எது கிடக்கிறது என்று பார்த்துவிட்டு வந்தாரா என்பதை நீங்களே யூகித்துக்கொள்ளுங்கள்.

பணத்தைக் கட்டினேன். ஒரு மாதச் சம்பளம், முழுவதும் முன்பணமாக. டயர்கள் நேரே அவர்களுடைய கூட்டாளிக் கடைக்குப் போய்ச் சேர்ந்தன. கடையில் மாட்டினார்கள், பேலன்சிங் செய்தார்கள், அலைன்மென்ட் பார்த்தார்கள். பழைய டயர்களை நாங்களே அப்புறப்படுத்திவிடுவோம் என்று உள்ளே உருட்டிக்கொண்டு போனார்கள். கடைவாசலிலிருந்து வண்டியைப் பின்னால் எடுத்து ஸ்டியரிங்கை முழுதாக ஒடித்தபோது முன்சக்கரத்தில் கரகரவென்று ஒரு சத்தம். பையன் ஓடி வந்து, ‘புது டயரில் ரப்பர் முடி இருக்கும் சார், ரெண்டு நாளில் போயிடும்’ என்றான்.

போகவில்லை. குடும்பத்தை ஏற்றிக்கொண்டு ஒரு வேகத்தடையில் ஏறி இறங்கியபோது அதே சத்தம் நேராகப் போகும்போதே வந்தது. வீட்டில் நிறுத்தி, ஸ்டியரிங்கை ஒரு பக்கம் ஒடித்து வைத்துவிட்டு, டார்ச் அடித்துப் பார்த்தேன். சக்கரத்துக்கு மேலும் முன்னும் இருக்கிற கறுப்புப் பிளாஸ்டிக் உறையில் கையகலத்துக்கு ஓர் இடம் பளபளவென்று தேய்ந்திருந்தது. அதன் கீழ்முனையில் இருந்த கிளிப் ஒன்று பிடுங்கிக்கொண்டு தொங்கியது. டயரின் தோள்பட்டையில் அதே அகலத்துக்கு ரப்பர் சுரண்டப்பட்டு, துகள்கள் சேற்றில் ஒட்டிக்கிடந்தன. மாட்டிய டயரின் வயதே சில நாள்தான்.

பிறகுதான் காகிதத்தை எடுத்துக் கணக்குப் போட்டேன். அகலத்தைப் பக்கச்சுவர் சதவீதத்தால் பெருக்கி, இரட்டித்து, ரிம்மின் விட்டத்தைக் கூட்டினால் சக்கரத்தின் மொத்த விட்டம் வந்துவிடும். ஓர் அங்குலம் 25.4 மில்லிமீட்டர், ஆகவே 17 அங்குலம் 431.8. பழைய அளவுக்கு 215-இல் 60 சதவீதம் 129, இரட்டித்தால் 258, மொத்தம் 689.8 மில்லிமீட்டர். புதியதற்கு 225-இல் 65 சதவீதம் 146.25, இரட்டித்தால் 292.5, மொத்தம் 724.3. வித்தியாசம் 34.5 மில்லிமீட்டர், சரியாக ஐந்து சதவீதம். அளவு மாற்றுகிறவர்கள் பொதுவாகக் கடைப்பிடிக்கும் வரம்பு மூன்று சதவீதத்துக்குள். 225/60 ஆர்17 என்று கொடுத்திருந்தால் விட்டம் 701.8, வித்தியாசம் 1.7 சதவீதம்தான். 18 அங்குல ரிம்முக்கே போவதானாலும் 215/55 ஆர்18 என்றால் 693.7, கிட்டத்தட்ட பழைய அளவேதான். ரிம் பெரிதாகும்போது பக்கச்சுவர் குறைந்து ஈடுகட்டிவிடுகிறது. இவர்கள் அகலத்தையும் கூட்டி, சதவீதத்தையும் கூட்டி, ரிம்மை மட்டும் அப்படியே வைத்துவிட்டு ‘பொருந்தும்’ என்று எழுதியிருக்கிறார்கள்.

உரசல் காதில் விழுகிறது. விழாதவை வேறு இருக்கின்றன. வேகமானி சக்கரம் சுற்றுவதை வைத்தே வேகத்தைக் காட்டுகிறது. பெரிய சக்கரம் ஒரே சுற்றில் அதிக தூரம் ஓடுவதால், காட்டும் வேகத்தைவிட உண்மையான வேகம் கூடிவிடுகிறது. வேகமானி உண்மை வேகத்துக்குக் குறைத்துக் காட்டவே கூடாது என்பது ஐநா ஒழுங்குமுறை 39-இன் விதி. அதனால்தான் தொழிற்சாலையிலிருந்து வரும் வண்டிகள் கொஞ்சம் கூட்டியே காட்டும். இப்போது என் வண்டியில் முள் 100-இல் நிற்கும்போது கைப்பேசியின் ஜிபிஎஸ் 102 என்கிறது. ஓடிய தூரமும் குறைவாகப் பதிவாகிறது, சர்வீஸ் தள்ளிப்போகிறது. ஏபிஎஸ் (பிரேக் அடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் தடுக்கும் அமைப்பு) விளக்கு எதுவும் எரியவில்லையே என்று கடையில் கேட்டார்கள். நான்கு சக்கரமும் ஒரே அளவில் தப்பாக இருந்தால், ஒன்றை மற்றொன்றோடு ஒப்பிடும் அந்தச் சென்சார்களுக்கு வித்தியாசம் எங்கிருந்து தெரியும்? வண்டியை எடுக்கும்போது இழுவை குறைந்திருப்பது காலுக்கே தெரிகிறது. டிக்கியில் இருக்கும் ஸ்டெப்னி இன்னமும் பழைய அளவு. பஞ்சரானால் ஒரே அச்சில் இரண்டு விட்டத்தில் சக்கரங்கள் ஓடும், திருப்பத்தில் இரு சக்கரங்களும் வேறுவேறு வேகத்தில் சுற்ற விடும் டிஃபரன்ஷியல் நேர்ச்சாலையிலும் ஓயாமல் வேலை செய்யும். நான்கு சக்கர இயக்கம் உள்ள வண்டியென்றால் முன், பின் அச்சுகளை இணைக்கும் கப்ளிங் சூடேறிப் பெரிய செலவில் கொண்டுபோய் நிறுத்தும்.

இனி நடந்தது பந்தாட்டம். தளத்தை அழைத்தால், மாட்டும்போதே கடைக்காரர் கவனித்துச் சொல்லியிருக்க வேண்டும் என்றார்கள். கடைக்காரரிடம் போனால், ‘ஆர்டரில் என்ன அளவு வந்ததோ அதை மாட்டினோம், அளவு சொல்வது எங்கள் வேலை இல்லை’ என்றார். பழைய டயர்களையாவது கொடுங்கள், வேறு ஏற்பாடு ஆகும்வரை மெதுவாக ஓட்டிக்கொள்கிறேன் என்றேன். அன்றைக்கே லாரியில் ஏற்றிவிட்டோம் என்றார். டயர் கம்பெனியின் உத்தரவாதப் பிரிவுக்கு எழுதினேன். உற்பத்திக் குறைபாடு எதுவும் இல்லை, உரசலால் வந்த சேதம் உத்தரவாதத்தில் சேராது என்று பதில். அவர்களைக் குறை சொல்ல முடியாது. டயர் நல்ல டயர்தான், இருக்கும் இடம்தான் தவறு.

மறுபடியும் தளம். இந்த முறை மேலதிகாரி என்று ஒருவர். ‘பொருத்திய டயரைத் திரும்பப் பெறுவதில்லை, அது எங்கள் கொள்கை’ என்றார். மாட்டாமல் உரசுகிறதா என்று எப்படித் தெரியும் என்று கேட்டதற்கு அவரிடம் பதில் இல்லை. உங்கள் ஆலோசகர் சொன்ன வாக்கியத்தை அழைப்புப் பதிவில் கேளுங்கள் என்றேன். உள் பயன்பாட்டுக்கான பதிவுகளை வாடிக்கையாளருக்குத் தர முடியாது என்றார். நான் கேட்டது எனக்குத் தரச்சொல்லி அல்ல, அவரைக் கேட்கச்சொல்லி. கடைசியில் பெரிய மனது பண்ணி ஒரு தள்ளுபடிக் கூப்பன் கொடுத்தார்கள்: அவர்களிடமே அடுத்த செட் டயர் வாங்கினால் செல்லும். ஒரு மாதச் சம்பளத்தை விழுங்கிவிட்டு, இன்னொரு மாதச் சம்பளத்தோடு வா என்று அழைக்கிறார்கள்.

இதற்கிடையில் தளத்தில் அதே பக்கத்தைத் திறந்து பார்த்தேன். என் வண்டிக்கு நேரே இருந்த 225/65 ஆர்17 காணாமல் போயிருந்தது. கேட்டால், ‘தகவல்களை அவ்வப்போது புதுப்பிப்போம் சார்.’ நான் வாங்கிய அன்று எடுத்த ஸ்கிரீன்ஷாட் மட்டும் கையில் இருக்கிறது. இன்று காலை என் புகார் எண்ணைப் போட்டு ஒரு குறுஞ்செய்தி வந்தது: ‘உங்கள் புகார் தீர்க்கப்பட்டது.’ உடனே உட்கார்ந்து இதை எழுதத் தொடங்கிவிட்டேன். நுகர்வோர் புகாருக்கான காகிதங்களைத் தனியாகச் சேர்த்துக்கொண்டிருக்கிறேன்.

டயர் தேர்வு செய்வது எப்படி என்று விரிவாக எழுத எண்ணியிருந்தேன். இப்போது அதற்கான மனநிலை இல்லை. அவசரமாகச் சில மட்டும். கதவுத் தூணில் உள்ள தகட்டையும் வண்டியோடு வந்த கையேட்டையும் தவிர வேறு எந்தப் பச்சைக் குறியையும் நம்பாதீர்கள். அளவு கையிருப்பில் இல்லையென்றால் காத்திருங்கள். மாற்று அளவு சொன்னால் விட்டத்தைக் கணக்குப் போட்டுப் பாருங்கள், ஐந்து நிமிட வேலை. பக்கச்சுவரில் தயாரிப்பு வாரத்தையும் ஆண்டையும் சொல்லும் நான்கு இலக்கம் இருக்கும், 2324 என்றால் 2024-இன் 23-ஆம் வாரம். அதைப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். முதலில் ஒரே ஒரு முன்சக்கரத்தை மாட்டச் சொல்லி, வண்டியை இறக்கி, ஸ்டியரிங்கை இரண்டு பக்கமும் முழுதாக ஒடித்துப் பார்த்த பிறகே மற்ற மூன்றைத் தொட விடுங்கள். புதியது சரியாக ஓடுகிறது என்று தெரியும்வரை பழைய டயர்களைக் கடையில் விட்டுவிட்டு வராதீர்கள். தொலைபேசியில் எவ்வளவு இனிமையாகப் பேசினாலும், இன்ன வண்டிக்கு இன்ன அளவு பொருந்தும், உரசினால் பணத்தைத் திருப்பித் தருகிறோம் என்று எழுத்தில் அனுப்பச் சொல்லுங்கள். அனுப்பத் தயங்கினால் பணத்தைக் கட்டாதீர்கள்.