வெஸ்ட்வில் சிறையில் நம் வீட்டுப் பெண்: டர்பன் குடும்பங்களுக்கான நான்கு இலவச சேவைகள், ஒரு மதிப்பீடு

டர்பனில் சாட்ஸ்வொர்த்திலோ ஃபீனிக்ஸிலோ ஒரு வீட்டுப் பெண் கைதானால், வீட்டார் முதலில் நகையை அடகு வைத்து வக்கீல் தேடுகிறார்கள். அடுத்து, அக்கம்பக்கத்துக்குத் தெரியாமல் மறைக்கப் பார்க்கிறார்கள். காசு வாங்காமல் உதவக்கூடிய அமைப்புகளை நாட வேண்டிய நேரம் இதிலேயே கழிந்துவிடுகிறது. இலவச வக்கீல் தரும் லீகல் எய்ட், சிறைகளைக் கண்காணிக்கும் நீதித்துறை ஆய்வகம், அரசு உதவித்தொகை தரும் சாஸா, தொண்டு நிறுவனமான நிக்ரோ ஆகிய நான்கையும் இங்கே எடைபோட்டிருக்கிறோம். நான்கும் பயன்படுபவைதான். ஆனால் இவற்றால் அதிகம் சாதிக்க முடிவது தண்டனை விழுவதற்கு முன்பு. குடும்பங்களில் பலர் வருவதோ தண்டனை விழுந்த பிறகு.

லீகல் எய்ட் சவுத் ஆப்பிரிக்கா

ஐந்துக்கு நான்கு கொடுக்கலாம். அரசு நிதியில் இயங்கும் அமைப்பு. 0800 110 110 என்ற கட்டணமில்லா எண்ணில் வேலை நாட்களில் சட்ட ஆலோசனை கிடைக்கும். போனில் காசு இல்லாதவர்கள் 'ப்ளீஸ் கால் மீ' அனுப்பினால் அவர்களே திரும்ப அழைக்கும் வசதியும் உண்டு. போனில் கிடைப்பது ஆலோசனை மட்டும்தான். நீதிமன்றத்தில் ஆஜராக வக்கீல் வேண்டுமானால், வழக்கு நடக்கும் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலேயே விண்ணப்பிக்க வேண்டும். வருமானமும் சொத்தும் பார்ப்பார்கள். சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்கு விவரம், வேலை இல்லையென்றால் அதைச் சொல்லும் அஃபிடவிட், அடையாள அட்டை ஆகியவற்றோடு வீட்டார் யாராவது போனால் வேலை சீக்கிரம் முடியும். உள்ளே இருப்பவரிடம் இந்தக் காகிதங்கள் இருக்காது. வழக்கு தள்ளிப்போவதற்கு இது ஒரு பெரிய காரணம்.

கைதானவரை 48 மணி நேரத்துக்குள் நீதிமன்றத்தில் நிறுத்த வேண்டும் என்பது அரசியலமைப்புச் சட்டத்தின் 35ஆம் பிரிவு. அந்த 48 மணி நேரம் விடுமுறையில் முடிந்தால் அடுத்த நீதிமன்ற நாளில். ஜாமீன் விசாரணையை ஒரு தடவைக்கு ஏழு நாள் வரை தள்ளிவைக்க முடியும். தள்ளிவைக்கக் கேட்பதற்கு அரசுத் தரப்பு அடிக்கடி சொல்லும் காரணம், விலாசம் சரிபார்க்கப்படவில்லை என்பது. முனிசிபாலிட்டி பில் அல்லது வாடகை ஒப்பந்தம், பகலில் வீட்டில் இருப்பவர் ஒருவருடைய பெயரும் எண்ணும், இவற்றைப் புலனாய்வு அதிகாரியிடம் முதல் நாளிலேயே கொடுத்துவிடுங்கள். ஜாமீன் தொகை கட்ட முடியாத அளவுக்கு இருந்தால் குறைக்கச் சொல்லி மனுப் போடலாம். அது தெரியாமல் சில நூறு ரேண்டுக்காக உள்ளேயே கிடப்பவர்கள் உண்டு. ஜாமீன் ரசீதின் மூலப்பிரதியைப் பத்திரப்படுத்துங்கள். நிபந்தனைகளை மீறாமல் வழக்கு முடிந்தால், குற்றம் உறுதியானாலும், கட்டியவருக்கே அந்தப் பணம் திரும்பக் கிடைக்கும்.

ஒரு மதிப்பெண்ணைக் குறைத்ததற்குக் காரணம் வேலைப்பளு. ஒரே நாளில் பல வழக்குகள் ஒரே வக்கீலின் கையில் இருக்கும். நீதிமன்ற வராந்தாவில் சில நிமிடப் பேச்சுதான் கிடைக்கும். ஆகவே பிள்ளைகளின் வயது, பள்ளி, யார் சமைக்கிறார்கள், யார் கூட்டிப்போகிறார்கள் என்பதை ஒரே பக்கத்தில் எழுதி வக்கீலிடம் கொடுங்கள். அவர் அதைக் கோப்பில் வைத்துக்கொள்வார். வாயால் சொன்னது அடுத்த வழக்கு வந்ததும் மறந்துவிடும்.

இந்தியாவிலிருந்தோ இலங்கையிலிருந்தோ வேலைக்கு வந்த பெண்ணாக இருந்தால், தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று முதல் ஆஜரிலேயே பதிவுசெய்யச் சொல்லுங்கள். தமிழ் இங்கே ஆட்சிமொழி இல்லை. ஆள் தேட நாளாகும். புரியும் மொழியில் விசாரணை நடப்பது அரசியலமைப்பு தந்த உரிமை. அரைகுறை ஆங்கிலத்தில் தலையாட்டியவை பின்னால் அவருக்கு எதிராகவே திரும்பும். தன் நாட்டுத் தூதரகத்துக்குத் தகவல் சொல்லக் கேட்கும் உரிமையும் அவருக்கு உண்டு. டர்பனில் இந்தியத் துணைத் தூதரகம் இருக்கிறது.

தண்டனைக்கு முன்: பிள்ளைகளைப் பற்றிய அறிக்கை

நம் குடும்பங்கள் அதிகம் தவறவிடும் இடம் இது.

2007 செப்டம்பர் 26 அன்று அரசியலமைப்பு நீதிமன்றம் 'எஸ் எதிர் எம்' என்ற வழக்கில் தீர்ப்பளித்தது. மூன்று பையன்களைத் தனியாக வளர்த்த தாய். மோசடி வழக்கு. கீழ் நீதிமன்றம் நான்கு ஆண்டு சிறை விதித்திருந்தது. நீதிபதி ஆல்பி சாக்ஸ் எழுதிய தீர்ப்பு, எஞ்சிய சிறைத் தண்டனையை நிறுத்திவைத்து, அவரை வெளியிலேயே கண்காணிப்பில் வைத்தது. அதைவிட முக்கியம், எல்லா நீதிமன்றங்களுக்கும் அது வகுத்த வழிமுறை. குற்றவாளி பிள்ளைகளின் முதன்மைப் பராமரிப்பாளரா என்று நீதிமன்றமே விசாரித்து அறிய வேண்டும். சிறைத் தண்டனை பிள்ளைகளை எப்படிப் பாதிக்கும் என்று பார்க்க வேண்டும். சிறை தவிர்க்க முடியாதது என்றால், அந்தப் பிள்ளைகளை யார் பார்த்துக்கொள்வார்கள் என்பதை உறுதிசெய்ய வேண்டும்.

இது தானாக நடந்துவிடும் என்று நம்பியிருக்க வேண்டாம். குற்றம் உறுதியானதும் தண்டனைக்கு முன் ஒரு இடைவெளி வரும். அப்போது வக்கீல் எழுந்து, நன்னடத்தை அதிகாரியின் அறிக்கையும் சிறைத்துறையின் கண்காணிப்பு அறிக்கையும் வேண்டும் என்று கேட்க வேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 276(1)(h) பிரிவின் கீழ் வெளியில் கண்காணிப்புத் தண்டனை விதிக்க அப்படியோர் அறிக்கை கட்டாயம். அந்தத் தண்டனை அதிகபட்சம் மூன்று ஆண்டு. அடுத்த வழி 276(1)(i): ஐந்து ஆண்டு வரை சிறை, அதில் ஆறில் ஒரு பங்கு கழிந்த பிறகு சிறைத்துறை அவரை வெளிக் கண்காணிப்புக்கு மாற்றலாம். இந்த இரண்டு எண்களையும் வக்கீலிடம் பெயர் சொல்லிக் கேளுங்கள்.

அறிக்கை எழுத வருபவர் வீட்டைப் பார்ப்பார், பள்ளியில் கேட்பார், ஆயாவிடமோ (பாட்டி) சித்தியிடமோ பேசுவார். இங்கே இரண்டு விஷயம் சறுக்கும். ஒன்று, அவர் வரும்போது வீட்டில் யாரும் இல்லாதது. மற்றது, வெட்கத்தால் "நாங்க பாத்துக்குவோம், ஒரு பிரச்சினையும் இல்ல" என்று வீட்டார் சொல்லிவிடுவது. உண்மையில் ஆயாவுக்குச் சர்க்கரை, மூட்டுவலி, மூன்றாவது மாடி ஃப்ளாட் என்றால் அதை அப்படியே சொல்ல வேண்டும். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஆள் இருக்கிறது என்று அறிக்கை சொன்னால் தாயின் வாதம் வலுவிழக்கும். 2011இல் 'எஸ் எதிர் எஸ்' வழக்கில் அதே நீதிமன்றம் தாய்க்குச் சலுகை தர மறுத்ததற்கு முக்கியக் காரணம், வீட்டில் தந்தை இருந்ததுதான்.

உள்ளே போன முதல் நாள்

சிறையில் சேர்க்கும்போது உடல்நலப் பரிசோதனை செய்ய வேண்டும் என்று 1998ஆம் ஆண்டின் சிறைத்துறைச் சட்டம் சொல்கிறது. மருந்துகளின் பெயர், அளவு, கடைசியாகச் சாப்பிட்ட நேரம் அடங்கிய மருத்துவர் கடிதம் அப்போது கையில் இருக்க வேண்டும். இதே சட்டப்படி மாலை உணவுக்கும் காலை உணவுக்கும் இடையே 14 மணி நேரம் வரை போகலாம். இன்சுலின் போடும் பெண்ணுக்கு இந்த இடைவெளி ஆபத்து. கடிதத்தில் அதையும் எழுதச் சொல்லுங்கள். வெளி மருத்துவரைச் சொந்தச் செலவில் அழைக்க வழி உண்டு, சிறைத் தலைவரின் அனுமதியோடு.

சைவம் சாப்பிடுபவர் அன்றே பதிவுசெய்ய வேண்டும். மதத் தேவைகளையும் பண்பாட்டு விருப்பங்களையும், நடைமுறைக்கு இயன்றவரை, உணவில் கவனிக்க வேண்டும் என்கிறது 8ஆம் பிரிவு. புரட்டாசி பிறந்த பிறகு கேட்டால் மாதம் முடிந்துதான் பதில் வரும். ஒரு மாதம் முன்பே எழுதிக் கொடுங்கள்.

கைக்குழந்தை இருந்தால், இரண்டு வயது வரை தாயோடு இருக்கலாம். முன்பு ஐந்து வயது வரை இருந்தது. 2008இன் திருத்தம் அதைக் குறைத்தது. குழந்தையின் உணவு, உடை, மருத்துவம் எல்லாம் சிறைத்துறையின் பொறுப்பு. இரண்டாம் பிறந்தநாளுக்குப் பிறகு குழந்தை எங்கே போகும் என்ற ஏற்பாட்டை, குழந்தை உள்ளே வந்த நாளிலிருந்தே சமூக நலத்துறையோடு சேர்ந்து தொடங்க வேண்டும். குடும்பம் முன்வராவிட்டால் முன்பின் தெரியாத வளர்ப்பு வீட்டுக்குப் போக நேரிடும். குழந்தைக்கு ஒரு வயதாகும்போதே, வளர்க்கப்போகிறவர் சிறைச் சமூகப் பணியாளரிடம் பெயர் கொடுத்துவிடுவது நல்லது. அதற்குப் பிறகு அந்தச் சித்தியோ அத்தையோ தவறாமல் பார்க்கப் போனால், குழந்தை அவர் முகத்தைப் பழகிக்கொள்ளும்.

பார்க்கப் போவதைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 1913 சத்தியாக்கிரகத்தில் சிறை சென்ற தில்லையாடி வள்ளியம்மையை நாம் பெருமையோடு நினைக்கிறோம். கடையில் திருடியதற்காகவோ, அடித்த கணவனைத் திருப்பித் தாக்கியதற்காகவோ உள்ளே இருக்கும் பெண்ணைப் பார்க்க மட்டும் யாரும் போவதில்லை. மாதத்துக்குக் குறைந்தது ஒரு மணி நேரச் சந்திப்பு சிறைத்துறைச் சட்டம் தரும் உரிமை. குடும்பத்தார் வர முடியாவிட்டால் வேறு யாராவது ஒருவர் வரலாம் என்பதும் அதே சட்டத்தின் 13ஆம் பிரிவில் இருக்கிறது. ஆகவே கோவில் சங்கத்திலிருந்து ஒரு அம்மா போகலாம், போக வேண்டும். நேரமும் விதிகளும் சிறைக்குச் சிறை மாறும், போன் செய்து கேட்டுவிட்டுப் போங்கள். அடையாள அட்டையும், பிள்ளைகளை அழைத்துப் போனால் பிறப்புச் சான்றிதழும் கையில் இருக்கட்டும்.

நீதித்துறை ஆய்வகம்

சிறைக்குள் நடப்பதைக் கேள்வி கேட்க இருக்கும் வெளி அமைப்பு. ஆய்வு நீதிபதி ஒருவரின் கீழ், ஒவ்வொரு சிறைக்கும் சுயேச்சைப் பார்வையாளர்கள் நியமிக்கப்படுகிறார்கள். அவர்கள் கைதிகளைத் தனியாகச் சந்தித்து, புகாரை அதிகாரபூர்வ நாட்குறிப்பில் எழுதி, சிறைத் தலைவரிடம் பேசுவார்கள். அங்கே தீராவிட்டால் பார்வையாளர் குழுவுக்கும் பிறகு ஆய்வு நீதிபதிக்கும் போகும். மரணம், தனிமைச் சிறை, விலங்கிடுதல், பலப்பிரயோகம் ஆகிய நான்கையும் சிறைத் தலைவர் கட்டாயம் இங்கே தெரிவிக்க வேண்டும்.

மருந்து கிடைக்கவில்லை, சந்திப்பு மறுக்கப்பட்டது, சானிட்டரி பேட் தரவில்லை போன்றவற்றுக்கு இதுவே சரியான இடம். கடைசியாகச் சொன்னதை இலவசமாகத் தர வேண்டும் என்று பெண் கைதிகளுக்கான ஐ.நா.வின் 2010 பாங்காக் விதிகளும் சொல்கின்றன. முதலில் சிறைத் தலைவரிடம் புகார் சொல்லிப் பதிவேட்டில் எழுதவைக்கச் சொல்லுங்கள், தேதி முக்கியம். குடும்பத்தாரும் ஆய்வகத்துக்கு எழுதலாம். முழுப்பெயர், கைதி எண், சிறை, பிரிவு, தேதி, கேட்பது என்ன என்பது ஒரே பக்கத்தில் அடங்க வேண்டும். பத்துக் குறையை ஒரே கடிதத்தில் கொட்டினால் எதுவும் நகராது.

ஐந்துக்கு மூன்றுதான். பார்வையாளர்களின் உழைப்பைக் குறை சொல்லவில்லை. ஆய்வகம் தருவது பரிந்துரை. சிறைத்துறையைக் கட்டாயப்படுத்தும் உத்தரவு அவர்கள் கையில் இல்லை. இந்த அமைப்புக்குப் போதிய சுதந்திரம் இல்லை என்று 2020இல் அரசியலமைப்பு நீதிமன்றமே சொன்னது. சண்டை பெரிதானால் வக்கீலோடும் சேர்ந்து நகர வேண்டியிருக்கும்.

சாஸா: பிள்ளைகளின் உதவித்தொகை

தாய் உள்ளே போனதும் பிள்ளைகள் ஆயாவிடம் வருவார்கள். தாயின் பெயரில் வந்துகொண்டிருந்த குழந்தை உதவித்தொகை அவரது கார்டிலேயே விழும், அல்லது நிற்கும். 2025 ஏப்ரலில் அது ஒரு பிள்ளைக்கு மாதம் 560 ரேண்ட் ஆனது. இரண்டு மூன்று பிள்ளைகள் என்றால் அது அரிசி, எண்ணெய், பள்ளி வேன் காசு.

பராமரிப்பவர் தன் பெயரில் விண்ணப்பிக்கலாம். ஆயா முதியோர் உதவித்தொகை வாங்குவது இதற்குத் தடை இல்லை. அவருடைய அடையாள அட்டை, பிள்ளையின் பிறப்புச் சான்றிதழ், அவர்தான் பார்த்துக்கொள்கிறார் என்பதற்கான ஆதாரம் தேவை. ஆதாரமாகக் காவல் நிலைய அஃபிடவிட், சமூகப் பணியாளர் அறிக்கை, தாயின் அஃபிடவிட், பள்ளித் தலைமையாசிரியரின் கடிதம் ஆகியவை ஏற்கப்படும். தாயின் அஃபிடவிட் கையில் இருந்தால் வேலை எளிது. அதைச் சிறைச் சமூகப் பணியாளர் மூலம் கேளுங்கள். பழைய உதவித்தொகையைத் தன் பெயரிலிருந்து மாற்றச் சம்மதிக்கிறேன் என்ற வரியும் அதில் இருக்கட்டும். அந்த வரி இல்லாவிட்டால் ஒரே பிள்ளைக்கு இரண்டு பெயர் என்று விண்ணப்பம் சிக்கிக்கொள்ளும்.

பணம் விண்ணப்பித்த தேதியிலிருந்து கணக்கிடப்படுகிறது. தீர்ப்பு வரட்டும் என்று காத்திருந்த மாதங்கள் போனவைதான். தாயின் கார்டை வைத்துத் தொடர்ந்து பணம் எடுப்பது வழி அல்ல. பின்னால் பிடித்தம் வரும், புதிய விண்ணப்பமும் சந்தேகத்துக்கு ஆளாகும். வளர்ப்புப் பிள்ளை உதவித்தொகை இதைவிட அதிகம்தான், ஆனால் அதற்குக் குழந்தைகள் நீதிமன்ற உத்தரவு வேண்டும். முதலில் இதை வாங்கிவிட்டு அதற்கு முயலலாம்.

நிக்ரோ, விடுதலைக்குப் பிறகும்

1910இல் தொடங்கிய தொண்டு நிறுவனம். வழக்கைத் தண்டனை வரை போகவிடாமல் வேறு வழியில் முடிக்கும் திட்டம், சிறைக்கு மாற்றான தண்டனை, விடுதலையானவர் குடும்பத்தோடு சேர்வது, இவை இதன் களம். முதல் தடவை சிறு திருட்டில் சிக்கிய பெண்ணுக்கு, அரசுத் தரப்பு ஒத்துக்கொண்டால், குற்றப் பதிவு இல்லாமலே வழக்கை முடிக்க இவர்களின் திட்டம் வழிசெய்யும். குற்றத்தை ஒப்புக்கொண்டு அபராதம் கட்டி வெளியே வருவதற்கு முன் இதைக் கேட்க வேண்டும். அபராதம் கட்டினாலும் குற்றப் பதிவு வரலாம். வந்தால் வேலைக்குப் போகும் இடத்தில் தெரியவரும்.

பரோல் குழு முன் கோப்பு போகும்போது குடும்பம் தர வேண்டியவை: அவர் தங்கப்போகும் விலாசம், அந்த வீட்டாரின் சம்மதக் கடிதம், வேலை தரச் சம்மதிக்கும் கடிதம். இவை இல்லாத கோப்பு திரும்பும். பரோல் வாங்கித் தருகிறேன் என்று காசு கேட்பவர்களை நம்ப வேண்டாம். குழுவுக்குப் போகும் கடிதங்களுக்குக் கட்டணமே இல்லை.

குற்றப் பதிவை அழிப்பதிலும் இதே ஏமாற்று நடக்கிறது. சில வகைச் சிறு தண்டனைகளுக்குப் பத்து ஆண்டு கழித்து நீதித்துறைத் தலைமை இயக்குநருக்கு நேரடியாக விண்ணப்பிக்கலாம். செலவு காவல்துறையின் நன்னடத்தைச் சான்றிதழுக்கான கட்டணம் மட்டும். அபராதத்துக்கு வழியே இல்லாமல் நேரடிச் சிறை பெற்றவருக்குப் பொதுவாக இந்த வழி பொருந்தாது, அவர் ஜனாதிபதி மன்னிப்புக்கே எழுத வேண்டும். எந்த ஏஜென்ட் வேறுவிதமாகச் சொன்னாலும், காசு கொடுப்பதற்கு முன் 0800 110 110இல் ஒரு தடவை கேட்டுவிடுங்கள்.