மார்கழி ஆட்டமா, மே மாத ஆட்டமா? மலையகத்திலிருந்து ஐஸ் ஹொக்கி பார்க்க

2025 ஜனவரி 6, திங்கட்கிழமை, காலை ஆறு மணி. எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டு அடுப்படியில் மாவு டின்னில் போனைச் சாய்த்து வைத்துவிட்டு, ரொட்டி சுட்டபடியே அம்மா ஒட்டாவா நகரத்து ஐஸ் ஹொக்கி ஆட்டம் பார்த்தார். இருபது வயதுக்குட்பட்டோருக்கான உலகச் சம்பியன்ஷிப்பின் இறுதியாட்டம். அமெரிக்காவும் பின்லாந்தும். அம்மா பெரட்டுக்கு, அதாவது தோட்டத்து வேலைக்குப் பேர் பதிய, கிளம்பும்போது பின்லாந்து 3-1 என்று முன்னால் நின்றது. பகல் கொழுந்து நிறுத்துப் போட்டுவிட்டு வந்தவர், கூடையை இறக்கும் முன்பே கேட்டார்: "அந்த பின்லாந்துப் பிள்ளைங்க ஜெயிச்சிருச்சுங்களா?"

ஜெயிக்கவில்லை. அமெரிக்கா விடாமல் துரத்திச் சமன் செய்து, மேலதிக நேரத்தில் 4-3 என்று தங்கத்தை எடுத்துக்கொண்டது. அம்மா தேத்தண்ணியைக் கையில் வைத்தபடி கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அன்றைக்கு அவருக்கு அந்த விளையாட்டின் விதி ஒன்றுகூடத் தெரியாது.

அதற்குப் பிறகு எங்கள் டிவிஷனில் இன்னும் சில வீடுகள் சேர்ந்துகொண்டன. புதிதாக வருகிறவர்கள் கேட்பதெல்லாம் ஒன்றுதான்: எந்தத் தொடரில் தொடங்குவது? போட்டி இரண்டுக்கு இடையில்தான். ஒன்று, ஒவ்வொரு ஆண்டும் டிசம்பர் 26இல் தொடங்கி ஜனவரி 5 வாக்கில் முடியும் இருபது வயதுக்குட்பட்டோர் தொடர். மற்றது, மே மாதம் நடக்கும் பெரியவர்களின் உலகச் சம்பியன்ஷிப். என் பதில் முதலாவதுதான். மே மாதத் தொடரைக் குறைத்துச் சொல்வதற்காக இல்லை. அதன் பக்கமும் நியாயம் நிறைய இருக்கிறது.

முதலில் நேரம். நம்மைப் போன்றவர்களுக்கு மற்ற எல்லாவற்றையும் விட அதுதான் பெரிது. இளையோர் தொடர் கனடாவின் அல்லது அமெரிக்காவின் கிழக்குப் பக்கத்தில் நடந்தால், அங்கே இரவு ஏழரை மணி ஆட்டம் நமக்கு மறுநாள் காலை ஆறு மணி. மார்கழி மாதம். தோட்டத்துக் கோயிலில் பஜனை முடிந்து, பிள்ளைகள் சுண்டல் வாங்கிக்கொண்டு குளிரில் நடுங்கியபடி வீட்டுக்கு வரும் நேரம். எப்படியும் எல்லோரும் எழும்பியாயிற்று, அடுப்பும் எரிகிறது. பள்ளிக்கூட விடுமுறை வேறு. இதற்கென்று யாரும் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டியதில்லை. தேதியில் மட்டும் கவனம் வேண்டும்: அங்கே 26ஆம் தேதி இரவு என்றால் இங்கே 27 காலை. டிசம்பர் 31 இரவில் கனடா ஆடுவது ஏறக்குறைய ஒரு வழக்கம், அது நமக்குப் புது வருடத்துக் காலையில் வரும். 2025 ஜனவரி முதலாம் தேதி காலை அமெரிக்கா கனடாவை 4-1 என்று அடித்ததைப் பார்த்துவிட்டுத்தான் நாங்கள் கோயிலுக்குப் போனோம்.

இதே தொடர் ஐரோப்பாவில் நடந்தால் கணக்கு மாறிவிடும். 2024இல் சுவீடனின் கோதன்பர்க்கில் நடந்தபோது அங்கே இரவு ஏழரை மணி ஆட்டம் நமக்கு நள்ளிரவு பன்னிரண்டு. குளிருக்குப் போர்வைக்குள் போனவர்களைத் திரும்ப எழுப்ப என்னால் முடியவில்லை. ஆகவே அந்த வருடம் எந்த நாட்டில் நடக்கிறது என்பதை முதலில் பாருங்கள்.

மே மாதத் தொடர் பெரும்பாலும் ஐரோப்பாவில்தான். அங்கே கோடைக்கால நேரம் என்பதால் நமக்கும் அவர்களுக்கும் மூன்றரை மணி நேரம்தான் வித்தியாசம். வழக்கமாக அவர்களுக்குப் பகல் 12.20, பின்னேரம் 4.20, இரவு 8.20 என்று ஆட்டங்கள் தொடங்கும். நமக்குப் பின்னேரம் 3.50, இரவு 7.50, நள்ளிரவுக்குப் பத்து நிமிடம் முன்பு. இதில் 7.50 ஆட்டத்துக்கு ஈடு இணையே இல்லை. சமையல் முடிந்திருக்கும், எல்லோரும் வீட்டில் இருப்பார்கள், இரண்டே கால் மணி நேரத்தில் ஆட்டம் முடிந்துவிடும். நேரத்தை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொன்னால் அந்த ஒரு ஆட்டத்துக்காகவே மே மாதத்துக்கு மாலை போடலாம். ஆனால் பெரிய ஆட்டங்களை எல்லாம் அவர்கள் இரவு 8.20க்குத்தான் வைப்பார்கள். இறுதியாட்டம் ஞாயிறு நள்ளிரவில் தொடங்கி, திங்கள் அதிகாலை இரண்டு மணி தாண்டி முடியும். விடிந்தால் வேலை.

அடுத்தது படம் எப்படி வருகிறது என்பது. எங்கள் வீட்டு டிஷ்ஷில் இந்த ஆட்டங்களைக் காட்டும் சேனலை நான் கண்டதில்லை. ஒளிபரப்பு உரிமை நாட்டுக்கு நாடு, வருடத்துக்கு வருடம் மாறும். தொடர் தொடங்கும் முன் சர்வதேச ஐஸ் ஹொக்கி சம்மேளனத்தின் தளத்தில் பார்த்துக்கொள்ள வேண்டும். ஒவ்வொரு ஆட்டத்தின் முக்கியக் காட்சிகளையும் அவர்களுடைய யூடியூப் சேனலில் போட்டுவிடுவார்கள். டேட்டா குறைவாக உள்ளவர்களுக்கு அதுவே போதும். நாங்கள் பார்ப்பது இன்னொரு வழியில். கனடாவின் ஸ்காபரோவில் இருக்கும் மாமா மகன் தன் டிவிக்கு முன்னால் போனை நிறுத்தி வட்ஸ்அப் வீடியோ அழைப்பைப் போட்டுவிடுவார். அவருக்கு அது சாப்பாட்டுக்குப் பிறகு ஓய்வாக உட்காரும் நேரம், நத்தார் விடுமுறையும் கூட. சுவிட்சர்லாந்தில் சூரிச் பக்கம் இருக்கும் சித்தி மே மாதத்தில் அதே உதவியைச் செய்யத் தயார்தான். ஆனால் நமக்கு வசதியான 7.50 ஆட்டம் நடக்கும்போது அவர் வேலையில் இருக்கிறார். அவர் வீடு வந்து டிவி போடும் நேரம் நமக்கு நள்ளிரவு. எங்கள் வீட்டில் மார்கழி முந்திக்கொண்டதற்கு இதுவும் ஒரு காரணம்.

வீடியோ அழைப்பில் பக் கண்ணுக்கே தெரியாது. பக் என்பது பந்துக்குப் பதிலாக ஆடும் வட்டு. ஒரு அங்குலத் தடிப்பு, மூன்று அங்குல விட்டம், எடை 170 கிராமுக்குள். கடினமாக்கிய இறப்பர். கேகாலைப் பக்கத்து இறப்பர் தோட்டத்தில் நம் சொந்தங்கள் பால் வெட்டும் அதே இறப்பர்தான். துள்ளாமல் வழுக்கிப் போகவேண்டும் என்பதற்காக ஆட்டத்துக்கு முன் அதை உறைய வைக்கிறார்கள். அதைத் தேடிக் கண்ணைக் கெடுத்துக்கொள்ளாதீர்கள். ஆட்களைப் பாருங்கள். எல்லோருடைய முகமும் எந்தப் பக்கம் திரும்புகிறதோ, பக் அங்கே இருக்கிறது. கோல் காப்பாளர் முழங்காலை மடக்கினால் அடி வரப்போகிறது. இரண்டு ஆட்டத்தில் இது பழகிவிடும்.

விதிகளில் ஆரம்பத்துக்கு வேண்டியது கொஞ்சம்தான். கோல் காப்பாளரோடு சேர்த்து ஒரு பக்கத்துக்கு ஆறு பேர். இருபது நிமிடமாக மூன்று பகுதிகள். ஓட்டம் கடுமையானது என்பதால் முக்கால் நிமிடத்துக்கு ஒருமுறை ஆட்டம் நிற்காமலே ஆட்கள் மாறுவார்கள். சேர்ந்து இறங்கும் மூன்று முன்வரிசைக்காரரை ஒரு லைன் என்பார்கள். லைன் என்றால் நமக்கு லயத்து வீடு. அங்கே அது ஒருவரை ஒருவர் பார்க்காமலே புரிந்துகொள்ளும் மூன்று பேர். பவர் பிளே என்ற சொல் கிரிக்கெட்டில் கேட்டதுதான், இங்கே பொருள் வேறு: தவறு செய்தவர் வழக்கமாக இரண்டு நிமிடம் வெளியே உட்காருவார், அவருடைய அணி ஓர் ஆள் குறைவாக ஆடும். பல கோல்கள் ஏன் விழுந்தன என்று அப்போதுதான் புதியவருக்கு விளங்கும். மாத்தளைப் பக்கத்துப் புல்தரை ஹொக்கியைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இன்னும் சுலபம். ஆனால் இங்கே கோலுக்குப் பின்னாலும் ஆட இடம் இருக்கிறது, சுற்றிலும் உள்ள பலகைச் சுவரில் அடித்தும் பக்கை அனுப்பலாம்.

இனி ஆட்டத்தின் தரம். மே மாதத்தில் வருகிறவர்கள் முதிர்ந்த ஆட்டக்காரர்கள். தவறு குறைவு, தடுப்பு இறுக்கம். 2025 மே மாதம் ஸ்டொக்ஹோமில் அமெரிக்காவும் சுவிட்சர்லாந்தும் ஆடிய இறுதியாட்டத்தில் அறுபது நிமிடமும் ஒரு கோல்கூட இல்லை. மேலதிக நேரத்தில் டேஜ் தொம்சன் அடித்த ஒரே கோலில் அமெரிக்கா வென்றது. ஒலிம்பிக்கோடு சேராமல் தனியாக நடந்த உலகச் சம்பியன்ஷிப்பில் 1933க்குப் பிறகு அவர்களுக்குக் கிடைத்த முதல் பட்டம் அது. விளையாட்டு தெரிந்தவருக்கு அந்த அறுபது நிமிடமும் விருந்து. புதியவருக்கு நள்ளிரவில் கோலே இல்லாத ஆட்டம் என்றால் கண் சொருகிவிடும். என் தங்கச்சி இரண்டாம் பகுதியிலேயே தூங்கிவிட்டாள்.

இன்னொன்றும் மனதில் வைக்க வேண்டும். வட அமெரிக்காவின் தேசிய ஹொக்கி லீக்கில் ஸ்டான்லி கிண்ணத்துக்கான ஆட்டங்கள் அதே மே மாதத்தில்தான் நடக்கின்றன. அந்த லீக்கிலிருந்து, அதற்குத் தகுதி பெறாத அல்லது அங்கே தோற்று வெளியேறிய கழகங்களின் வீரர்கள்தான் உலகச் சம்பியன்ஷிப்புக்கு வர முடியும். உலகத்தின் மிகச் சிறந்த அணிகளை அங்கே முழுமையாகப் பார்க்க முடியாது. அதனாலேயே சிறிய நாடுகளுக்கு வாய்ப்புத் திறக்கிறது, எனக்கு அந்தத் தொடரில் மிகவும் பிடித்தது அதுதான். 2023இல் லாத்வியா அமெரிக்காவை மேலதிக நேரத்தில் வென்று வெண்கலம் எடுத்தது. அன்று நள்ளிரவிலேயே அந்த நாட்டுப் பாராளுமன்றம் கூடி மறுநாளைப் பொது விடுமுறையாக்கியது. 2025இல் டென்மார்க் தன் சொந்த மண்ணான ஹெர்னிங்கில் காலிறுதியில் கனடாவை 2-1 என்று வீட்டுக்கு அனுப்பியது. இளையோர் தொடரில் இப்படிப்பட்ட கதைகள் குறைவு. கனடா, அமெரிக்கா, சுவீடன், பின்லாந்து, செக் என்ற வட்டத்துக்குள்தான் அண்மைக் காலமாகப் பதக்கங்கள் பெரும்பாலும் சுற்றுகின்றன.

ஆனால் இளையோர் ஆட்டத்தில் எந்த முன்னிலையும் பத்திரமில்லை. 2011இல் பஃபலோவில் நடந்த இறுதியாட்டத்தில் இரண்டு பகுதி முடிந்தபோது கனடா 3-0. மூன்றாம் பகுதியில் ரஷ்யா ஐந்து கோல் அடித்து 5-3 என்று வென்றது. 2009 அரையிறுதியில் அதே ரஷ்யா ஒரு கோல் முன்னால் நிற்க, 5.4 விநாடி மீதமிருக்கையில் ஜோர்டன் எபர்லி சமன் செய்தார். பிறகு கனடா வென்றது. பதினெட்டு, பத்தொன்பது வயது. நம் லயத்தில் ஏ.எல். எழுதிவிட்டு முடிவுக்குக் காத்திருக்கும் பிள்ளைகளின் வயது. பயம், அவசரம், அழுகை எல்லாம் முகத்தில் தெரியும். அம்மாவைப் பிடித்து இழுத்தது அதுதான் என்று நினைக்கிறேன். நாளைய பெரிய பெயர்களை முதலில் பார்ப்பதும் இங்கேதான். 2005 இறுதியாட்டத்தில் ஒரு பக்கம் பதினேழு வயது சிட்னி குரொஸ்பி, மறுபக்கம் பத்தொன்பது வயது அலெக்சாண்டர் ஒவெச்கின். அன்று கனடா 6-1 என்று வென்றது. அந்த ஒவெச்கின்தான் 2025 ஏப்ரலில் வட அமெரிக்க லீக்கில் வெய்ன் கிரெட்ஸ்கியின் 894 கோல் சாதனையைத் தாண்டியவர்.

அளவிலும் இளையோர் தொடர் கைக்கு அடக்கம்: பத்து அணிகள், 29 ஆட்டங்கள். மே மாதத்தில் பதினாறு அணிகள், 64 ஆட்டங்கள். மாதச் சம்பளத்தில் டேட்டா போடுகிற வீட்டுக்கு இந்த வித்தியாசம் சின்ன விஷயமல்ல. படத்தை 480இல் வைத்தால் முழு ஆட்டத்துக்கு ஏறக்குறைய ஒன்றரை ஜிபி போகிறது.

பெண்கள் உலகச் சம்பியன்ஷிப்பையும் இந்தத் தராசில் வைக்காமல் விட எனக்கு மனமில்லை. 1990இல் ஒட்டாவாவில் தொடங்கியது. அன்றிலிருந்து தங்கம் கனடாவுக்கு அல்லது அமெரிக்காவுக்கு மட்டுமே போயிருக்கிறது, அது குறைதான். ஆனால் உடலால் மோதித் தள்ளுவதற்குக் கட்டுப்பாடு அதிகம் என்பதால் பக் ஆளிடமிருந்து ஆளுக்குப் போவது தெளிவாகத் தெரியும். சின்னத் திரையில் ஆட்டத்தைக் கற்றுக்கொள்ள இதைவிட நல்ல வழி இல்லை. 2019இல் எஸ்பூவில் பின்லாந்துப் பெண்கள் மேலதிக நேரத்தில் கோல் அடித்துத் துள்ளிக் குதித்த பிறகு, காணொளியைப் பார்த்து நடுவர்கள் அதைச் செல்லாது என்றார்கள். கடைசியில் அமெரிக்கா வென்றது. அந்தக் காட்சியை என் தங்கச்சிக்குக் காட்டினேன். அவளுக்கு இன்றைக்கும் ஆறவில்லை. இப்போது பெண்கள் ஆட்டம் என்றால் என்னை முந்திக்கொண்டு உட்காருகிறாள்.

ஒலிம்பிக் நான்கு வருடத்துக்கு ஒருமுறைதான். 2014க்குப் பிறகு 2026இல் லீக் வீரர்கள் திரும்பியதால் அதன் மதிப்பு ஏறியிருக்கிறது, வரும்போது விடாமல் பாருங்கள். ஸ்டான்லி கிண்ணம் இரண்டு மாதம் இழுக்கும். விளையாட்டில் ஊறிய பிறகு அதற்குப் போகலாம்.

சித்தி மட்டும் என் தீர்ப்பை ஏற்கவில்லை. சுவிட்சர்லாந்து 2013, 2018, 2024, 2025 என நான்கு இறுதியாட்டங்களுக்குப் போய் நான்கிலும் வெள்ளியோடு திரும்பியது. "நாங்க தங்கம் எடுக்கிற அன்னைக்கு நீ தூங்கிட்டு இருந்தா நான் உன்கூடப் பேசமாட்டேன்" என்று போனில் சொல்லியிருக்கிறார். வாக்குக் கொடுத்துவிட்டேன். சுவிஸ் மறுபடி இறுதிக்கு வந்தால் அந்த ஞாயிறு இரவு எங்கள் வீட்டு விளக்கு அணையாது. அம்மாவும் விழித்திருக்கப் போகிறாராம். ஆட்டம் முழுவதையும் ஒரே இருப்பில் பார்க்க அவருக்குக் கிடைக்கும் முதல் வாய்ப்பு அதுவாகத்தான் இருக்கும்.